கவிதைக்கு இரண்டு பிறவி

திருவனந்தபுரத்தில் உட்கார்ந்து சொந்தப் பணத்தில் கவிதைப் புத்தகம் போட்டார் நகுலன். சென்னையில் மூட்டை சுமந்து விற்றார் செல்லப்பா. லாபம் யாருக்கும் இல்லை. ஆனால் நவீனத் தமிழ்க் கவிதை பிழைத்துக்கொண்டது.

நாகர்கோவிலிலிருந்து வரும் நெடுஞ்சாலை களியக்காவிளையில் மாநில எல்லையைத் தாண்டுகிறது. நெய்யாற்றின்கரை, பாலராமபுரம், நேமம் என்று ஓடி, கரமனை ஆற்றுப் பாலத்தைக் கடந்ததும் திருவனந்தபுரம் நகரமாகிவிடுகிறது. இங்கே அக்ரஹாரத் தெருக்கள். கொஞ்சம் தள்ளிக் கிள்ளிப்பாலம். அதற்கப்பால் சாலைக் கடைத்தெரு, கிழக்கேகோட்டை, பத்மநாப சுவாமி கோயில். இந்தச் சொற்பத் தூரம் பல தலைமுறைகளாகத் தமிழ் புழங்கும் பூமி. வீட்டில் தமிழ், கடையில் இரண்டும் கலந்த பேச்சு, அரசாங்கக் காகிதத்தில் மலையாளம் என்று மூன்று தளங்களில் நடக்கிறது இங்குள்ள தமிழர்களின் அன்றாட வாழ்க்கை.

இந்த ஊர் தமிழுக்குக் கொடுத்தது கொஞ்சமல்ல. 1891ல் வெளியான 'மனோன்மணீயம்' நாடகத்தின் ஆசிரியர் பெ. சுந்தரம் பிள்ளை, திருவனந்தபுரம் மகாராஜா கல்லூரியின் தத்துவப் பேராசிரியர். கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளை ஆசிரியராக வேலை பார்த்த ஊர்களில் இதுவும் ஒன்று. பின்னால் வந்தவர்களில் நீல. பத்மநாபன், கோயிலைச் சுற்றியுள்ள வாழ்க்கையை 'பள்ளிகொண்டபுரம்' நாவலாக்கினார். ஆ. மாதவன் சாலைக் கடைத்தெருவில் கடை நடத்திக்கொண்டே அந்தத் தெருவின் மனிதர்களைக் கதைகளில் கொண்டுவந்தார். 2007ல் நீல. பத்மநாபனுக்கும் 2015ல் மாதவனுக்கும் சாகித்ய அகாடமி பரிசு கிடைத்தது.

கதைக்கும் நாவலுக்கும் எப்படியோ வழி பிறந்துவிடுகிறது. பத்திரிகைகள் கதை கேட்கின்றன. வாசகர்கள் நாவல் வாங்குகிறார்கள். கவிதை நிலைமை வேறு. அதுவும் எதுகை மோனை இல்லாத, பாட முடியாத, மேடையில் கைதட்டல் வாங்காத புதுக்கவிதை என்றால் கேட்கவே வேண்டாம். 1960களில் தமிழ்ப் பதிப்பாளர்களிடம் அது சரக்கே அல்ல. மாநிலத்துக்கு வெளியே இருந்து எழுதுகிறவருக்குச் சிரமம் இன்னும் ஒரு மடங்கு கூடுதல். இந்த நிலையில் கவிஞர்கள் என்ன செய்தார்கள் என்பதற்குத் திருவனந்தபுரத்திலேயே ஒரு பதில் இருந்தது. அந்தப் பதிலின் பெயர் நகுலன்.

கும்பகோணத்தில் பிறந்து சிறு வயதிலேயே திருவனந்தபுரம் வந்துவிட்ட டி.கே. துரைஸ்வாமிதான் நகுலன். மார் இவானியோஸ் கல்லூரியில் ஆங்கிலப் பேராசிரியர். வீடு கரமனைப் பக்கம் இல்லை. நகரின் மறு கோடியில் கவடியாரில், கோல்ஃப் லிங்க்ஸ் சாலையில். திருமணம் செய்துகொள்ளவில்லை. கல்லூரி, புத்தகங்கள், தேடி வரும் நண்பர்கள் என்று ஓடியது வாழ்க்கை. தமிழிலும் ஆங்கிலத்திலும் எழுதினார். பாரதியை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தார். 'நினைவுப்பாதை', 'நாய்கள்', 'நவீனன் டயரி' போன்ற அவரது நாவல்கள் கதை சொல்லும் முறையையே கலைத்துப்போட்டவை.

நகுலன் எழுத்தாளர் மட்டும் அல்ல. நல்ல எழுத்து அச்சில் வர வேண்டும் என்பதற்காகத் தன் சட்டைப் பையில் கைவிட்டவர். 1968ல் அவர் தொகுத்து வெளியிட்ட 'குருக்ஷேத்ரம்' இதற்கு முதல் சாட்சி. கவிதையும் உரைநடையும் அடங்கிய இந்தத் தொகுப்பு தமிழ்ச் சிற்றிதழ் உலகத்தின் முக்கியமான ஆவணம் என்று இன்று பேசப்படுகிறது. வெளிவந்த காலத்தில் அது தமிழ்நாட்டுக்கு வெளியே ஒரு கல்லூரி ஆசிரியர் கொண்டுவந்த, விளம்பரமோ விற்பனை ஆளோ இல்லாத ஒரு புத்தகம். அவ்வளவுதான்.

பிறகு கவிதைகள் ஒவ்வொன்றாகச் சிறு நூல்களாக வந்தன. 1979ல் 'மூன்று'. 1981ல் 'ஐந்து', 'கோட் ஸ்டாண்ட் கவிதைகள்'. 1987ல் 'சுருதி'. 1991ல் 'இரு நீண்ட கவிதைகள்'. தலைப்புகளைப் போலவே புத்தகங்களும் ஒல்லி. தன் நூல்களில் பலவற்றை அவர் சொந்தச் செலவிலேயே கொண்டுவந்தார். விற்றதைவிட நண்பர்களுக்கும் படிப்பார் என்று தோன்றியவர்களுக்கும் கொடுத்ததுதான் அதிகம். சம்பளத்தில் ஒரு பங்கு அச்சுக்கூடத்துக்கும் இன்னொரு பங்கு தபாலுக்கும் போனது என்று வைத்துக்கொள்ளலாம். திரும்பி வந்தது, படித்தவர்கள் எழுதிய கடிதங்கள்.

கவிதைப் புத்தகங்கள் ஏன் எப்போதும் ஒல்லியாக இருக்கின்றன? கவிஞர்கள் குறைவாக எழுதுவதால் அல்ல. அச்சுக் கணக்கு அப்படி. ஒரு பெரிய தாளின் இரு பக்கமும் அச்சிட்டு மடித்தால் 16 பக்கம் கிடைக்கும். அதுதான் ஒரு ஃபாரம். நான்கு ஃபாரம் என்றால் 64 பக்கம். ஐந்தாவது ஃபாரம் போனால் கம்பாசிட்டர் கூலி, தாள், அச்சுக் கூலி எல்லாம் ஒரு படி ஏறும். கையிலிருந்து பணம் போடுகிறவர் நான்கிலேயே நின்றுவிடுவார்.

கம்பாசிட்டர் ஈய எழுத்துகளைப் பெட்டியிலிருந்து ஒவ்வொன்றாகப் பொறுக்கிக் கோத்த காலம் அது. உரைநடையில் வரி தானாகவே ஓரத்தைத் தொட்டுவிடும். கவிதையில் இரண்டு சொல்லோடு வரி உடையும். மீதி இடம் வாசகர் கண்ணுக்கு வெறும் வெள்ளை. அச்சுக்கூடத்தில் அந்த வெள்ளையையும் எழுத்து இல்லாத ஈயத் துண்டுகளை வைத்து நிரப்பியாக வேண்டும். இல்லாவிட்டால் பக்கம் கட்டுக்குள் நிற்காது. கவிஞர் விட்ட மௌனத்துக்கும் எடை இருந்தது, கூலி இருந்தது. வரி எங்கே உடைய வேண்டும் என்று கவிஞர் நினைத்தாரோ அங்கேதான் உடைந்திருக்கிறதா என்று புரூப் பார்ப்பது இன்னொரு தலைவலி. அந்த வேலையைப் பெரும்பாலும் கவிஞரே செய்தார்.

இதைவிடப் பெரிய சிக்கல் மறுபதிப்பு. அச்சானதும் பக்கங்களைப் பிரித்து எழுத்துகளைத் திரும்பப் பெட்டியில் போட்டுவிடுவார்கள். அடுத்த வேலைக்கு அதே எழுத்துதான் வேண்டும். ஆகவே முதல் பதிப்பு தீர்ந்தால் மறுபடி முதலிலிருந்து கோக்க வேண்டும். நாவலுக்கே யோசிப்பார்கள். சில நூறு பிரதி போகும் கவிதைக்கு யார் செய்வார்கள்? தீர்ந்தது தீர்ந்ததுதான்.

அந்தப் பழைய பக்கங்களை இன்று எடுத்துப் பார்ப்பவருக்கு இன்னொரு வித்தியாசமும் தெரியும். 1978ல் தமிழக அரசு எழுத்துச் சீர்திருத்தத்தை நடைமுறைக்குக் கொண்டுவருவதற்கு முன், 'னை' என்ற எழுத்துக்கு யானைத் துதிக்கை போன்ற கொம்பு இருந்தது. 'கரமனை' என்ற ஊர்ப் பெயரையே அன்று அச்சில் வேறு உருவத்தில்தான் எழுத முடியும். 'குருக்ஷேத்ரம்' அந்தப் பழைய எழுத்தின் காலத்தைச் சேர்ந்தது. நகுலனின் 1979க்குப் பிந்தைய சிறு நூல்கள் சீர்திருத்தத்துக்குப் பின் வந்தவை. பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளுக்குள் மொழியின் முகமே மாறியது. கவிஞர் பணம் கட்டும் வழக்கம் மாறவில்லை.

இத்தனைக்கும் நகுலன் வாழ்ந்த மாநிலத்தில் எழுத்தாளர்களின் நிலை அவ்வளவு மோசம் இல்லை - மலையாளத்தில் எழுதினால். 1945ல் கோட்டயத்தில் 12 எழுத்தாளர்கள் சேர்ந்து ரூ 120 முதலோடு சாகித்ய பிரவர்த்தக கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார்கள். எழுத்தாளர்களே நடத்தும் பதிப்பகம். 30 சதவீதம் ராயல்டி என்று அது கொடுக்க ஆரம்பித்தது, இந்தியாவின் எந்த மொழி எழுத்தாளரும் பொறாமைப்படும் சங்கதி. அதே 1945ல் பி.என். பணிக்கர் 47 நூலகங்களை ஒன்று சேர்த்துத் திருவிதாங்கூர் நூலகச் சங்கத்தை உருவாக்கினார். அது கிராமம் கிராமமாகப் பரவியது. எழுத ஆள், அச்சிடச் சங்கம், வாங்க நூலகம் என்று சங்கிலி முழுமையாக இருந்தது.

கவிதைக்கும் அங்கே தனி ஏற்பாடு நடந்தது. திருவனந்தபுரத்தில் நகுலனைப் போலவே ஆங்கிலப் பேராசிரியராக இருந்த அய்யப்பப் பணிக்கர், மலையாள நவீனக் கவிதையின் முன்னோடி. கவிதைக்கென்றே 'கேரள கவிதா' என்ற இதழை அவர் நடத்தினார். சென்னையில் இருந்துகொண்டு 'சமீக்ஷா' நடத்திய எம். கோவிந்தன் அவருக்குத் துணை. ஆக, ஒரே ஊரில் ஒரே தொழிலில் இரண்டு நவீனக் கவிஞர்கள். ஒருவரைச் சுற்றி அவரது மொழி பேசும் மாநிலம் முழுவதும் இருந்தது. மற்றவரின் வாசகர்கள் கரமனைப் பாலத்தைத் தாண்டி, எல்லையைத் தாண்டி, அஞ்சல் தூரத்தில் இருந்தார்கள்.

அந்த எல்லையே புதிது. 1956 நவம்பர் 1 அன்று தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு தாலுகாக்கள் சென்னை மாகாணத்தோடு சேர்ந்தன. அதுவரை திருவனந்தபுரமும் நாகர்கோவிலும் ஒரே அரசின் கீழ் இருந்த ஊர்கள். பிரிவுக்குப் பின் தமிழ்ப் பேசும் பகுதி அந்தப் பக்கம் போனது. தலைநகரில் இருந்த தமிழர்கள் இந்தப் பக்கம் மொழிச் சிறுபான்மையானார்கள். தமிழ்ப் பதிப்பகங்களும் அவற்றுக்குச் சோறு போடும் நூலக ஆணைகளும் சென்னையைச் சுற்றியே இருந்தன. 1948ல் இந்தியாவிலேயே முதலாவதாகப் பொது நூலகச் சட்டம் இயற்றியது சென்னை மாகாணம்தான். ஆனால் அந்தச் சட்டத்தின் நிழல் எல்லைக்கு இப்பால் விழவில்லை.

அப்பால் இருந்தவர்கள் மட்டும் சுகப்பட்டார்களா என்றால் இல்லை. 1959 ஜனவரியில் சென்னை திருவல்லிக்கேணியிலிருந்து 'எழுத்து' பத்திரிகையைத் தொடங்கிய சி.சு. செல்லப்பா, மனைவியின் நகைகளை விற்றுத்தான் முதல் போட்டார். 1970 வரை அந்தப் பத்திரிகை நடந்தது. தமிழில் புதுக்கவிதை ஓர் இயக்கமானது அதன் பக்கங்களில்தான். ந. பிச்சமூர்த்தி, சி. மணி, தருமு சிவராமு, எஸ். வைத்தீஸ்வரன், பசுவய்யா என்ற பெயரில் கவிதை எழுதிய நாகர்கோவில் சுந்தர ராமசாமி என்று ஒரு வரிசையே அங்கு உருவானது. திருவனந்தபுரத்திலிருந்து நகுலனும் சண்முக சுப்பையாவும் அதில் எழுதினார்கள்.

பத்திரிகையோடு செல்லப்பா நிற்கவில்லை. 'எழுத்து பிரசுரம்' என்ற பெயரில் புத்தகங்களும் போட்டார். 1962ல் வந்த 'புதுக்குரல்கள்' தொகுப்பில் 24 கவிஞர்களின் 63 கவிதைகள் இருந்தன. அதே ஆண்டில் பிச்சமூர்த்தியின் 'காட்டு வாத்து'. அச்சிடுவது பாதி வேலைதான் என்பது அவருக்குச் சீக்கிரமே புரிந்தது. கடைக்காரர்கள் வாங்க மாட்டார்கள் என்றால் வாசகரிடம் தானே போவது என்று முடிவு செய்தார். புத்தக மூட்டையைத் தோளில் சுமந்துகொண்டு ஊர் ஊராக, கல்லூரி கல்லூரியாக நடந்தார். தமிழ்த் துறை ஆசிரியர்களிடம் வாதாடி விற்றார். 'புதுக்குரல்கள்' பின்னாளில் பல்கலைக்கழகப் பாடநூலாகவும் ஆனது. யாரும் சீந்தாத சரக்கு பத்தே ஆண்டில் பரீட்சைக்கு வந்துவிட்டது.

செல்லப்பா கடைசி வரை அதே ஆள்தான். முதுமையிலும் 'சுதந்திர தாகம்' என்ற தன் பெரிய நாவலைத் தானே வெளியிட்டார். 1998ல் காலமானார். அந்த நாவலுக்குச் சாகித்ய அகாடமி பரிசு வந்தது 2001ல்.

அவர் போட்ட பாதையில் பலர் நடந்தார்கள். 1974ல் சென்னையில் எஸ். ராமகிருஷ்ணன் க்ரியாவைத் தொடங்கினார். சி. மணியின் 'வரும் போகும்' தொகுப்பு அதே ஆண்டில் வந்தது. சிவகங்கையில் கல்லூரி ஆசிரியராக இருந்த கவிஞர் மீரா, அதே 1974ல் அன்னம் பதிப்பகத்தை ஆரம்பித்தார். சென்னையை விட்டு விலகிய ஒரு சிற்றூரிலிருந்து அழகான அச்சில் இலக்கியம் கொடுக்க முடியும் என்று காட்டினார். நாகர்கோவில் பக்கத்தில் ராஜமார்த்தாண்டன் 'கொல்லிப்பாவை' நடத்தினார். 1978ல் ஆத்மாநாம் 'ழ' என்ற கவிதை இதழைத் தொடங்கினார். 1981ல் அவரது 'காகிதத்தில் ஒரு கோடு' வந்தது. 1984ல் இறந்துபோன அந்தக் கவிஞர் உயிரோடிருந்தபோது வெளியான ஒரே தொகுப்பு அதுதான்.

இதெல்லாம் தமிழின் ஏழ்மை என்று நினைக்க வேண்டியதில்லை. 1917ல் லண்டன் அருகே ரிச்மண்டில் லெனார்ட் உல்ஃபும் வர்ஜினியா உல்ஃபும் சுமார் 19 பவுனுக்கு ஒரு கை அச்சு எந்திரம் வாங்கிச் சாப்பாட்டு அறையில் வைத்துப் பழகினார்கள். ஹோகார்த் பிரஸ் பிறந்தது. முதல் புத்தகம் 150 பிரதி. 1919ல் டி.எஸ். எலியட்டின் கவிதைகளைப் போட்டபோது 250ஐக்கூட எட்டவில்லை. 20ஆம் நூற்றாண்டின் மிகப் புகழ்பெற்ற ஆங்கில நெடுங்கவிதையான 'தி வேஸ்ட் லேண்ட்' 1923ல் இங்கிலாந்தில் புத்தகமானதும் இந்த வீட்டுப் பிரஸ்ஸில்தான்: சுமார் 460 பிரதி. எழுத்துக் கோத்தவர் வர்ஜினியா உல்ஃப். அவரது எழுத்தில் நகுலனுக்கு ஆழ்ந்த ஈடுபாடு உண்டு.

இந்தியாவில் இதற்கு ஈடு, 1958ல் கல்கத்தாவில் தொடங்கிய ரைட்டர்ஸ் வொர்க்ஷாப். பேராசிரியர் பி. லால் லேக் கார்டன்ஸ் வீட்டிலிருந்தே நடத்தினார். ஒரிசாக் கைத்தறிப் புடவைத் துணியில் பைண்டிங். அட்டையில் லாலின் கையெழுத்து. விக்ரம் சேத்தின் முதல் கவிதைத் தொகுப்பான 'மேப்பிங்ஸ்' இங்கிருந்து வந்தது. 2010ல் லால் இறக்கும்வரை ஆயிரக்கணக்கான தலைப்புகள். பணத்துக்கு லால் கண்டுபிடித்த வழி, ஆசிரியரே 100 பிரதி வாங்கிக்கொள்ள வேண்டும் என்பது. காசு கொடுத்துப் புகழ் வாங்குவதா என்று சிலர் முகம் சுளித்தார்கள். பெரிய பதிப்பகங்கள் இந்திய ஆங்கிலக் கவிதையைத் திரும்பிப் பார்க்காத காலத்தில் இந்த வழி இல்லாவிட்டால் பல கவிஞர்கள் முதல் புத்தகத்தையே கண்டிருக்க மாட்டார்கள் என்பதும் உண்மை.

கவிஞர் கைப்பணம் என்ற விஷயத்தில் தமிழின் மூத்த உதாரணம் பாரதி. 1920ல் கடையத்தில் இருந்தபோது தன் எழுத்து முழுவதையும் 40 புத்தகங்களாக, ஒவ்வொன்றும் 10,000 பிரதி அச்சிடத் திட்டம் போட்டார். நண்பர்களிடம் கடன் கேட்டுச் சுற்றறிக்கை அனுப்பினார். பணம் வரவில்லை. அடுத்த ஆண்டு செப்டம்பரில் அவரே போய்விட்டார். மனைவி செல்லம்மாவும் அவரது சகோதரர் அப்பாத்துரையும் 'பாரதி ஆச்ரமம்' என்ற பெயரில் பாடல்களை அச்சிட ஆரம்பித்தது 1922ல்.

சிறு பிரஸ்களின் கதை முழுவதும் இந்தச் சம்பவத்தில் அடங்கிவிடுகிறது. கவிதைப் புத்தகத்துக்கு இரண்டு பிறவி வேண்டியிருக்கிறது. முதல் பிறவிக்கு எழுதியவரோ நண்பரோ பணம் கட்டுகிறார். அதன் ஆயுள் சில நூறு பிரதி. இரண்டாவது பிறவி இன்னொருவர் கையில் இருக்கிறது. செல்லம்மாவைப் போல ஓர் உறவு. அல்லது ஆத்மாநாமின் கவிதைகளைத் திரட்டி 1989ல் தொகுப்பாகக் கொண்டுவந்த பிரம்மராஜனைப் போல ஒரு சக கவிஞர். அல்லது ஒரு பதிப்பாளர். இந்த இரண்டாவது ஆள் வராவிட்டால் முதல் ஆள் பட்ட பாடு வீண்.

நகுலனுக்கு அந்த ஆள் வந்தார். காவ்யா சண்முகசுந்தரம் அவரது எழுத்துகளைப் பெரிய தொகுதிகளாகக் கொண்டுவந்தார். 'நகுலன் கவிதைகள்' 2001ல் ஒரே நூலாக வாசகர் கையில் கிடைத்தது. ஆர்.ஆர். சீனிவாசன் எடுத்த புகைப்படங்களோடு 'கண்ணாடியாகும் கண்கள்' என்ற நூலும் வந்தது. திருவனந்தபுரம் வீட்டின் முதியவர் முகம் அப்படித்தான் புதிய தலைமுறைக்கு அறிமுகமானது. 2007 மே 17 அன்று நகுலன் மறைந்தபோது அவர் பெயரைச் சாகித்ய அகாடமிப் பட்டியலில் தேடியவர்களுக்கு ஏமாற்றம்தான். கிடைத்தவை 1983ல் ஆசான் நினைவுக் கவிதை விருதும் விளக்கு விருதும். அவற்றில் முதலாவது குமாரன் ஆசான் என்ற மலையாள மகாகவியின் பெயரால் வழங்கப்படுவது. ஆனால் இன்று எழுத வரும் இளம் கவிஞர்களில் நகுலனைப் படிக்காதவர் அபூர்வம்.

எல்லாக் கவிஞர்களுக்கும் இந்த அதிர்ஷ்டம் வாய்ப்பதில்லை. சிறு பிரஸ்ஸின் பலமே அதன் பலவீனம். ஒரு தனிமனிதரின் பிடிவாதத்தில் அது ஓடுகிறது. அவர் சோர்ந்தால் நின்றுவிடும், இறந்தால் மூடிவிடும். வீட்டை விற்கும்போது, வெள்ளையடிக்கும்போது, பரணிலிருக்கும் கட்டுகள் முதலில் போவது பழைய பேப்பர் கடைக்கு. யார் எதை எத்தனை பிரதி போட்டார்கள் என்ற கணக்கும் அதோடு போகிறது.

சட்டம் ஒன்று இருக்கிறது. 1954ஆம் ஆண்டின் புத்தக ஒப்படைப்புச் சட்டப்படி இந்தியாவில் வெளியாகும் ஒவ்வொரு நூலின் பிரதியையும் கல்கத்தா தேசிய நூலகம், சென்னை கன்னிமாரா உள்ளிட்ட நூலகங்களுக்குப் பதிப்பாளர் தன் செலவில் அனுப்ப வேண்டும். மீறினால் அபராதம் ரூ 50 வரை, கூடவே புத்தகத்தின் விலை என்று அந்தச் சட்டம் விதித்தது. பெரிய பதிப்பகங்களுக்கு அனுப்ப ஆள் உண்டு. நண்பர்களுக்கு அனுப்பவே தபால் செலவை எண்ணிப் பார்த்த ஒருவர் கல்கத்தாவை நினைத்திருப்பாரா? அரசின் பட்டியலில் இல்லாத புத்தகம் பிற்கால ஆய்வாளருக்குப் பிறக்காத புத்தகம்.

இந்த ஓட்டையைக் கொஞ்சம் அடைத்தவை தனி முயற்சிகள். கோட்டையூர் ரோஜா முத்தையா சேகரித்த நூல்களும் பத்திரிகைகளும் சிகாகோ பல்கலைக்கழகத்தின் உதவியோடு 1994ல் சென்னையில் ஆராய்ச்சி நூலகமாயின. இணையத்தில் தமிழ் மின் நூலகங்கள் பழைய பக்கங்களைப் படம் பிடித்து ஏற்றுகின்றன. சிற்றிதழ்கள் பல இப்படி மீண்டிருக்கின்றன. ஆனால் கிடைத்ததைத்தான் படம் பிடிக்க முடியும். ஒரே ஒரு பிரதியாவது யார் வீட்டிலாவது மிஞ்ச வேண்டும்.

அச்சுத் தொழில் இன்று அடையாளம் தெரியாமல் மாறிவிட்டது. ஈய எழுத்து போய்விட்டது. கவிஞரே கணினியில் பக்கம் அமைத்துவிடலாம். வரி எங்கே உடைய வேண்டும் என்று யாரிடமும் மன்றாட வேண்டாம். தேவைப்பட்ட அளவு மட்டும் அச்சிடும் முறை வந்தபின் 50 பிரதி, 100 பிரதி என்று போட்டுக்கொள்ளலாம். கோப்பு இருக்கும்வரை மறுபதிப்புக்கு மறுபடி எழுத்துக் கோக்க வேண்டியதில்லை. தீர்ந்தது தீர்ந்ததுதான் என்ற பழைய விதி, தொழில்நுட்பத்தைப் பொறுத்தவரை, ரத்தாகிவிட்டது.

பொருளாதார விதி ரத்தாகவில்லை. கவிதைத் தொகுப்பு இன்றும் சில நூறு பிரதிக்கு மேல் போவது அரிது. பணம் கட்டுகிற கவிஞர்கள் இன்றும் இருக்கிறார்கள். ஒரு வித்தியாசம், முன்பு அவர்கள் அச்சுக்கூடத்துக்குக் கட்டினார்கள், இப்போது சில சமயம் பதிப்பகத்துக்கே கட்டுகிறார்கள். பழைய சிறு பிரஸ்காரரிடம் ஒரு சல்லடை இருந்தது. தன் பணம் போகிறது என்பதால் பிடித்ததை மட்டும் போட்டார். செல்லப்பா பணம் வாங்கிக்கொண்டு புத்தகம் போடவில்லை. பணம் இழந்து போட்டார். அதனால்தான் 'எழுத்து பிரசுரம்' என்ற முத்திரையைப் பார்த்து வாசகர் நம்பி வாங்கினார். யார் பணம் கட்டினாலும் புத்தகம் வரும் என்றாகும்போது அந்த நம்பிக்கைதான் முதலில் அடிபடுகிறது.

கரமனைப் பாலத்துக்கு இருபுறமும் உள்ள இரண்டு மொழிகளின் அனுபவமும் சேர்ந்து சொல்வது இதைத்தான். கூட்டுறவு, நூலக இயக்கம் என்று அமைப்பு பலமாக இருந்தால் கவிஞர் கொஞ்சம் மூச்சு விடலாம். அமைப்பு இல்லாத இடத்தில் ஒரு ஆசிரியரின் சம்பளமும் ஒரு மனைவியின் நகையும் அந்த வேலையைச் செய்ய வேண்டியிருக்கிறது. நவீனத் தமிழ்க் கவிதைக்குக் கிடைத்தது இரண்டாவது வழிதான். அதற்கு ஆன செலவை எந்தப் பதிப்பகக் கணக்கிலும் பார்க்க முடியாது. திருவனந்தபுரத்து வீடு ஒன்றிலிருந்து தபாலில் கிளம்பிய ஒல்லியான புத்தகங்களில் ஒன்று யார் அலமாரியிலாவது கிடந்தால், பழைய பேப்பர்காரர் வருவதற்குள் அதை எடுத்து வைப்பது நல்லது. அடுத்த பதிப்புக்கு அதுதான் மூலப் பிரதியாக இருக்கக்கூடும்.